ஐம்பத்து மூணு

மலைக்கு அந்தப் பக்கத்தை நான்
அடியிலிருந்துதான் பார்த்திருக்கிறேன்.

விடியுமுன் மூன்றரைக்குக் கொல்லத்து வண்டி
செங்கோட்டை பிட் லைனில் வந்து நிற்கும்.
இரண்டு முனையிலும் சிவப்புப் பலகை நட்டபின்
கைவிளக்கோடு குழியில் இறங்கினால்
தலைமேல் சொட்டுவது ஆரியங்காவு மழை.
இங்கே காற்று மட்டும். தரையில்
ஒரு பொட்டு ஈரம் கிடையாது.

சக்கரச் சட்டத்தில் ரப்பர் இலை ஒட்டியிருக்கும்.
காற்றுக் குழாயில் பெயர் தெரியாத கொடி.
ஒருநாள் பேட்டரிப் பெட்டிமேல் தவளை;
விளக்கடித்தும் நகரவில்லை,
இறங்கவேண்டிய ஊர் தாண்டிவிட்டதுபோல்
முழித்துக்கொண்டிருந்தது.
பகவதிபுரம் இறக்கத்தில் தேய்ந்த பிரேக் கட்டை
வெந்தயம் தீய்ந்த சட்டிபோல் நாறும்.
மூன்று தடவை துவைத்தாலும்
என் சட்டையில் அந்த இறக்கம் இருக்கும்.

மேலே மைதீன் பாத்துவும் கூட்டமும் பெட்டி கழுவுவார்கள்.
வாளி இழுபடும் சத்தத்திலேயே
எந்த சீட்டடியில் நிற்கிறாள் என்று சொல்லிவிடுவேன்.
கதவோரம் ஃபினாயில் வழிந்தால்
"ஏட்டி, கீழ ஆள் இருக்கு!"
"ஆளா? பெருச்சாளின்னுல்லா நெனச்சேன்."
போன வாரம் அவளுக்கு ஒரு பல்செட் கிடைத்தது.
அலசி, காகிதத்தில் பொதிந்து
ஸ்டேஷன் மாஸ்டரிடம் ஒப்படைத்தாள்.
கேட்டு யாரும் வரவில்லை.
மேசை டிராயரில் இருந்து
அது சிரிப்பதாகச் சொல்கிறார்கள்.

அன்றைக்கு, வண்டி நுழையும்போதே கேட்டேன்.
குத்தவைத்து, விளக்கைச் சக்கரங்களில் பிடித்து
ஒவ்வொன்றாய் விட்டுக்கொண்டிருந்தேன்.
ஏழாவது பெட்டியில் மட்டும்
டொக். டொக். டொக்.
கதவைத் தட்டத் தெரிந்தவன்
பெயர் சொல்லாமல் தட்டுவதுபோல்.

ஈரத் தண்டவாளத்தில் எங்கோ
சுற்றாமல் இழுபட்டு வந்திருக்கிறது.
வட்டத்தில் ஒரு இடம் மழுங்கி
விரல் வைத்தால் இன்னும் சூடு.
அளந்தேன். ஐம்பத்து மூணு மில்லிமீட்டர்.
ஐம்பது வரை ஓடலாம்.

பிரசோபன் சார் நல்லவர்தான்.
அவர் கையில் ஒரு தாள்,
தாளில் வண்டி கிளம்பவேண்டிய நேரம்.
"அம்பதுன்னு எழுதிக்கோ வடிவு.
மூணு மில்லிமீட்டர், ஒரு நெல்லு அகலம்."
நெல் அகலத்தில்
நான் எழுந்து நின்றேன்.
"ஐம்பத்து மூணு சார்."
அவரே குனிந்து அளந்தார்.
கேஜ் அவருக்கும் பொய் சொல்லவில்லை.
எழும்பும்போது முழங்காலைப் பிடித்துக்கொண்டு
மலையாளத்தில் ஒரு வார்த்தை சொன்னார்;
எனக்கா, சக்கரத்துக்கா, தெரியாது.

பெட்டியின் விலாவில் சாக்பீஸால் எழுதினேன்: சிக்.
காய்ச்சலா இருமலா என்று எழுதும் வழக்கமில்லை.

கழற்றி, தள்ளி, வேறொன்று கோக்க
வண்டி ஒன்றே முக்கால் மணி லேட்.
மாற்றுப் பெட்டியில் நாலு ஃபேன் சுற்றாது,
ஒரு ஜன்னல் இறங்கினால் ஏறாது.
பிளாட்பாரக் கடையோரம் நின்று
நான் பரோட்டாவைப் பிய்த்துக்கொண்டிருக்க
கைக்குழந்தையோடு ஒருவர் கத்தினார்,
"எவம்ல இந்த ஓட்டைப் பெட்டியக் கோத்தது?"
சால்னா கொஞ்சம் ஊற்றச் சொன்னேன்.
கடைக்காரர் என் சட்டையைப் பார்த்தார்,
ஊற்றினார், ஒன்றும் சொல்லவில்லை.

வண்டி போனது. எண்ணினேன், பழக்கம்.
ஏழாவது பெட்டி சத்தமில்லாமல் கடந்தது.
குழந்தை ஜன்னலில் நெற்றியை ஒட்டி
என்னையல்ல, என் பின்னால் நின்ற ஆட்டைப் பார்த்தது.

சிக் லைனில் அந்தப் பெட்டி
தனியாய் நிற்கிறது.
வெயில் ஏறிவிட்டது.
அடியில் இன்னும்
சொட்டிக்கொண்டிருக்கிறது.